தக்காளி விலை விழுந்தால் எங்களுக்குப் படம்

என்னைப் பார்த்தால் யாரும் டைரக்டர் என்று சொல்ல மாட்டார்கள். நானும் சொல்லிக்கொள்வதில்லை. பள்ளிக்கூடத்தில் பி.டி. டீச்சராக இருந்து ஓய்வு பெற்றவள். விசில் தேவைப்படாத தொண்டை எனக்கு. மைதானத்தின் அந்தக் கோடியில் கபடி ஆடும் பிள்ளைக்கு இந்தக் கோடியிலிருந்தே திட்டு விழும். அப்படிப்பட்ட தொண்டையை வைத்துக்கொண்டு நான் எடுப்பதெல்லாம் பேச்சே இல்லாத சிரிப்புப் படங்கள். ஒவ்வொன்றும் ஐந்தாறு நிமிஷம் ஓடும். ஒருத்தன் விழுவான், எழுந்திருப்பான், மறுபடி விழுவான். அதற்குள் படம் முடிந்துவிடும்.

ஏன் பேச்சில்லை என்று கேட்பவர்களிடம் கலை கிலை என்று அளந்துவிடலாம். உண்மை வேறு. முதல் படத்தில் பேச்சு இருந்தது. என் அக்கா பேத்தியின் காதுகுத்துக்கு மண்டபத்தில் போட்டுக் காட்டலாம் என்று செல்போனில் எடுத்தோம். திரையில் ஓடும்போதுதான் தெரிந்தது, நடித்தவர்கள் பேசியது ஒன்றுகூடக் கேட்கவில்லை. "டேய், மூஞ்ச இந்தப் பக்கம் திருப்புடா!", "ஐயோ, இடிச்ச புளியாட்டம் நிக்காத!" என்று படம் நெடுக என் குரல்தான். மண்டபமே சிரித்தது. எனக்கு மானம் போயிற்று. வீட்டுக்கு வந்து ஆத்திரத்தில் சத்தத்தை மொத்தமாக எடுத்துவிட்டு மறுபடி போட்டுப் பார்த்தேன். அடேயப்பா, படம் பிழைத்துக்கொண்டது!

எங்கள் பாலக்கோட்டுப் பக்கம் ஒரு தெருவில் தமிழ், அடுத்த தெருவில் தெலுங்கு, கொஞ்சம் வடக்கே போனால் கன்னடம். கடையில் ஒரு பாஷை, வீட்டுக்குள் ஒரு பாஷை. பேச்சில்லாத படத்துக்கு எந்தத் தெருவிலும் வம்பில்லை. இன்னொரு வசதியும் இருந்தது. சத்தம் எப்படியும் போகப்போகிறது என்றான பிறகு, காமிரா ஓடும்போதே நான் வாய்க்கு வந்தபடி கத்தலாம். கத்தினேன். இன்றைக்கும் கத்துகிறேன்.

எல்லாப் படத்துக்கும் ஒரே ஹீரோ, என் சித்தி மகன். எனக்குத் தம்பி முறை. நெட்டையன், ஒல்லி, சிரிக்காத மூஞ்சி. என்னிடம் கபடி படித்தவன் என்பதால் எப்படித் தூக்கி எறிந்தாலும் அடிபடாமல் விழத் தெரியும். குட்டியானை வண்டி ஒன்று வைத்துக்கொண்டு மார்க்கெட்டிலிருந்து தக்காளி லோடு அடிப்பது அவன் தொழில். எங்கள் ஊர் தக்காளிக்குப் பேர்போனது. விலை ஏறிவிட்டால் அவன் கண்ணிலேயே பட மாட்டான். சேலம், ஓசூர் என்று ஓடிக்கொண்டிருப்பான். விலை படுத்துவிட்டால் வண்டி சும்மா நிற்கும், ஆளும் சும்மா நிற்பான். ஆகையால் தக்காளி விலை விழுந்தால்தான் எங்களுக்குப் படம்.

தோட்டக்காரன் வயிறு எரிகிற நேரத்தில் நாம் சிரிப்புப் படம் எடுப்பதா என்று எனக்கு முதலில் கூச்சமாக இருந்தது. சித்தப்பாதான், தன் தோட்டத்துத் தக்காளியையே மண்ணில் கொட்டிவிட்டு, "எடுங்க, எடுங்க. ரோட்டோரம் அழுவிப் போறத நாலு பேரு பாத்துச் சிரிச்சா என்ன கொறஞ்சிடும்?" என்றார். அதற்கப்புறம் எனக்குத் தயக்கமே இல்லை. எங்கள் படங்களில் வழுக்கி விழுவதற்கு ஒருபோதும் பஞ்சம் வந்ததில்லை.

எடுத்ததை இணையத்தில் ஏற்றுவோம். அதோடு சரி. அதை நாங்கள் பார்ப்போம், எங்கள் சொந்தக்காரர்கள் பார்ப்பார்கள், அவர்களிலும் பாதிப் பேர் பார்த்ததாகச் சும்மா சொல்வார்கள். தொப்பூர் கணவாயில் ரோட்டோர ஓட்டல் ஒன்றில் எடுத்த படம் மட்டும் லாரிக்காரர்கள் மத்தியில் கொஞ்சம் சுற்றியது. அதில் தம்பி பரோட்டா மாஸ்டர். வீசிய மாவு திரும்பி வரவே வராது. அதைப் பார்த்த டிரைவர்கள் அவனை அடையாளம் கண்டு ஹாரன் அடிப்பார்கள். பக்கத்தில் நிற்கிற என்னை யாருக்கும் தெரியாது. எனக்கு அதில் வருத்தம் இல்லை என்று சொன்னால் பொய். ஆனால் பெரிய வருத்தமும் இல்லை.

எங்கள் குடும்பத்தின் வருத்தமே வேறு. தம்பிக்குப் பெண் அமையவில்லை. முப்பதைத் தாண்டிவிட்டான். போகிற இடத்தில் எல்லாம் "பையன் கம்பெனில வேலையா?" என்று கேட்பார்கள். தக்காளி வண்டி என்றதும் காபியோடு அனுப்பிவிடுவார்கள். சித்தி வேண்டாத சாமி இல்லை. இவன் "பாத்துக்கலாங்கம்மா" என்று வண்டியைத் துடைத்துக்கொண்டிருப்பான். போன வருஷம் பென்னாகரம் பக்கமிருந்து ஒரு ஜாதகம் வந்தது. பெண்ணுக்கு அப்பா இல்லை, தாய்மாமன் வைத்ததுதான் சட்டம். தருமபுரியில் ஒரு ஜவுளிக்கடையில் வேலை பார்க்கிற பெண். பொருத்தம் பார்த்ததில் குறையொன்றும் இல்லை. போட்டோ வந்த அன்றே அதை வண்டியின் கண்ணாடிக்கு மேலே செருகிவிட்டான் பயல். "என்னடா, அதுக்குள்ளயா?" என்றேன். "அங்க வெச்சா கசங்காதுங்கக்கா" என்றான். இவன் இப்படி ஆசைப்பட்டு நான் பார்த்ததே இல்லை. இது மட்டும் கூடிவர வேண்டும் என்று நானும் மனசுக்குள் மன்றாடிக்கொண்டிருந்தேன்.

அந்தச் சமயம் பார்த்துத் தக்காளி விலை விழுந்தது.

படத்தின் கதை இதுதான். ஒருவன் கல்யாண வீட்டுக்கு கிரேடு என்கிற பிளாஸ்டிக் பெட்டி நிறையத் தக்காளியைத் தலையில் தூக்கிக்கொண்டு போக வேண்டும். தெருவைத் தாண்டவே அவனுக்கு விடிவதில்லை. முதலில் பெண்டாட்டி விளக்குமாற்றால் நாலு சாத்து சாத்தி வீட்டைவிட்டுத் துரத்துகிறாள். பிறகு நாய், பிறகு சைக்கிள். கடைசியில் வெள்ளை வேட்டியில் பளபளவென்று நிற்கும் கல்யாண வீட்டுக்காரர்கள் மூவர்மேல் தக்காளியோடு போய் விழுகிறான். பெண்டாட்டியாக நடித்தது டீக்கடை அக்கா. அவளுடைய கடையையே வீடாக வைத்து எடுத்தோம். அந்த மூன்று வெள்ளை வேட்டிகளுக்கு அவளுடைய வீட்டுக்காரர் பக்கத்து ஊரிலிருந்து ஆள் சொல்லியிருந்தார்.

இங்கே ஒன்று சொல்ல வேண்டும். எங்கள் ஊர் ஆட்களுக்குக் காமிரா கண்ணில் படக்கூடாது. கல்யாண வீடியோ பார்த்துப் பழகியவர்கள். காமிராவைக் கண்டால் முந்தானையைச் சரிசெய்துகொண்டு அசையாமல் நின்றுவிடுவார்கள். அதனால் போனைக் காலி கிரேடு ஒன்றுக்குள் வைத்து, அதன் ஓட்டை வழியாகத்தான் படம் பிடிப்பேன். வழியில் போகிறவர்களுக்கு அங்கே படப்பிடிப்பு நடப்பதே தெரியாது. ஒரு பெண்பிள்ளை தெருவில் நின்று தொண்டை கிழியக் கத்துவது மட்டும் தெரியும்.

"அடி! நல்லா அடி! வெளக்கமாறு என்னா பூமாலையா? ஓங்கி அடி அக்கா!" என்றேன். டீக்கடை அக்கா அடித்தாள். தம்பி குனிந்து வாங்கிக்கொண்டு வெளியே ஓடினான். "சரியில்ல. திரும்ப வாடா. மறுபடி வாங்கு!" என்றேன். அவன் சமர்த்தாகத் திரும்பி வந்து, முதுகைக் காட்டினான். மறுபடி அடி. மறுபடி சரியில்லை. மறுபடி வந்தான்.

இதையெல்லாம் பஸ்ஸிலிருந்து இறங்கிய மூன்று வெள்ளை வேட்டிகள் புளிய மரத்தடியில் நின்று பார்த்துக்கொண்டிருந்திருக்கின்றன. அதில் பெரியவர் மெல்ல என்னிடம் வந்து, "ஏம்மா, இங்க குட்டியானை ஓட்டற தம்பி யாருங்க?" என்று கேட்டார்.

"இதோ அடி வாங்கறானே, இவன்தாங்க! ஏன் இவ்ளோ லேட்டு? வெயில் போவுதில்ல? செருப்பக் கழட்டிட்டு இப்படி வரிசையா வந்து நில்லுங்க!" என்றேன்.

அவர் ஏதோ சொல்ல வாயெடுத்தார். "பேச்செல்லாம் வேணாங்க, பேசறது எதுவும் விழாது. நான் சொல்ற வரைக்கும் அசையக்கூடாது, அவ்ளோதான்" என்று தோளைப் பிடித்து நிறுத்திவிட்டேன். என்னை ஏதோ கணக்கெடுக்க வந்த கவர்ன்மெண்ட் ஆள் என்று நினைத்தார்களாம். மூன்று பேரும் செருப்பைக் கழற்றிவிட்டுப் பள்ளிக்கூடப் பிள்ளைகள் மாதிரி வரிசையில் நின்றார்கள். நான், "வாடா!" என்றேன். தம்பி கிரேடைத் தூக்கிக்கொண்டு ஓடி வந்தான், வழுக்கினான். அவன் வாழ்நாளில் விழுந்ததிலேயே அதுதான் அருமையானது. ஒரு கிரேடு பழுத்த தக்காளியும் பெரியவர் நெஞ்சிலிருந்து கால்வரை வழிந்தது. மூவரும் சரிந்தார்கள். நான் கைதட்டினேன்.

பெரியவர் எழுந்து உட்கார்ந்தார். கண்ணோரத்தில் இருந்த விதையைத் துடைத்தார். "பொண்ணு குடுக்கலாமான்னு விசாரிச்சிட்டுப் போலாம்னு வந்தேங்க. பென்னாகரம். நல்லா விசாரிச்சிட்டேன்" என்றார்.

எனக்குக் கை அப்படியே நின்றுவிட்டது. எங்கள் பக்கம் அதுதான் வழக்கம். தரகரிடம்கூடச் சொல்லாமல் பையன் ஊருக்கு வந்து, டீக்கடையில் உட்கார்ந்து நாலு பேரிடம் அவனைப் பற்றி விசாரித்துவிட்டுப் போவார்கள். தாய்மாமன் விசாரிக்க வந்த டீக்கடையிலேயே அவன் ஒரு பொம்பளை கையால் விளக்குமாற்றடி வாங்கிக்கொண்டிருந்தான். "ஐயோ, இது படமுங்க, சினிமாங்க!" என்று பின்னாலேயே ஓடினேன். "காமிரா எங்கம்மா?" என்றார். கிரேடைக் காட்டினேன். அதைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், தருமபுரி பஸ் வந்தது, ஏறிவிட்டார். அதற்கப்புறம்தான் நிஜமான வெள்ளை வேட்டிகள் மூன்றும், வேறு ஸ்டாப்பில் இறங்கிவிட்டதாகச் சொல்லிக்கொண்டு நடந்து வந்தன. அவர்களை நான் திட்டிய திட்டை இங்கே எழுத முடியாது.

தம்பி தக்காளிக்கு நடுவிலேயே உட்கார்ந்திருந்தான். மறுநாள் தரகர் போன் செய்து, "அந்த எடம் வேணாம்னுட்டாங்க" என்றார். சித்தி என் வீட்டுக்கு வந்து அழுது தீர்த்தாள். "உன் வாய் இருக்கே, அதுதாண்டி எங்கள அழிக்குது" என்றாள். என் வாயைச் சொன்னதுகூட எனக்கு வலிக்கவில்லை. வண்டிக் கண்ணாடிக்கு மேலே இருந்த போட்டோவைக் காணோம் என்பதைப் பார்த்தபோதுதான் வலித்தது. "போட்டோ எங்கடா?" என்று கேட்டதற்கு, "திருப்பிக் குடுக்கணுமில்லீங்கக்கா" என்று மட்டும் சொன்னான்.

ஞாயிற்றுக்கிழமை நானே பென்னாகரத்துக்குப் பஸ் ஏறினேன். எடுத்ததையெல்லாம் ஒட்டி, சத்தத்தை உருவிவிட்டு, முழுப் படமாகப் போனில் வைத்திருந்தேன். நடிப்பு என்று வாயால் சொன்னால் நம்பமாட்டார், கண்ணால் பார்க்கட்டும் என்பது என் கணக்கு. போகும்போது சித்தி, "போய் காட்டிட்டு வா. ஆனா நீ பேசாத" என்று சொல்லி அனுப்பினாள்.

கதவைத் திறந்தது ஒரு பெண். இடுப்பில் ஒரு குழந்தை. கல்யாணப் பெண்ணோ என்று ஒரு கணம் நினைத்தேன், அவளுடைய அக்கா. மாமன் உள்ளே கட்டிலில் உட்கார்ந்திருந்தார். என்னைக் கண்டதும் முகம் இறுகிவிட்டது. ஆனாலும், "வாங்க டீச்சர், உக்காருங்க. பாப்பா, தண்ணி குடு" என்றார். நான் யார் என்று தரகர் சொல்லியிருக்க வேண்டும், மரியாதைக்குக் குறைச்சல் இல்லை. நான் போனை அவர் கையில் கொடுத்துவிட்டுப் பக்கத்தில் உட்கார்ந்தேன். இது என்ன, இவன் யார், அவள் யார் என்று விளக்கம் சொல்ல நாக்கு துடித்தது. பல்லைக் கடித்துக்கொண்டிருந்தேன்.

பார்த்தார். விளக்குமாறு வந்தது, நாய் வந்தது, சைக்கிள் வந்தது. சிரிக்கவில்லை. தானும் தன் கூட்டாளிகளும் வரிசையில் நிற்பதைப் பார்த்ததும் போனைக் கொஞ்சம் கிட்டே கொண்டுபோனார். தக்காளி விழுந்தது. மூவரும் சரிந்தார்கள். படம் முடிந்தது. அவர் முகத்தில் ஒரு கோடு அசையவில்லை. இத்தனை வருஷத்தில் என் படத்தை இவ்வளவு கவனமாகப் பார்த்தவர் வேறு யாரும் இல்லை, அவரும் சிரிக்கவில்லை.

"நடிப்புதான், ஒத்துக்கறேன்" என்றார். "இத எத்தன பேரு பாப்பாங்க?"

அப்போதுதான் எனக்குப் புரிந்தது, அடித்தது நிஜமா பொய்யா என்பது அவருடைய கவலையில் பாதிதான். மருமகன் விளக்குமாற்றடி வாங்குவதை நாலு ஊர் பார்த்துவிட்டால் தலைநிமிர்ந்து நடக்க முடியுமா என்பது மீதிப் பாதி. நான் என்ன செய்ய? உள்ளதைச் சொன்னேன். "யாரும் பாக்க மாட்டாங்க. எங்க படத்த யாருமே பாக்கறதில்லீங்க. நான் படம் எடுக்கறது எங்க பக்கத்து வூட்டுக்காரங்களுக்கே தெரியாது." அதை என் வாயாலேயே சொல்ல எனக்குப் பிடிக்கவில்லை. இருந்தாலும் சொல்லிவிட்டேன். என் படம் எக்கேடு கெட்டால் என்ன, அவனுக்குக் கல்யாணம் நடக்கட்டும்.

"நான் பாத்திருக்கேன்" என்று ஒரு குரல் வந்தது.

சமையலறை நிலைப்படியில் போட்டோவில் இருந்த பெண் நின்றிருந்தாள். "எல்லாத்தையும் பாத்திருக்கேன் மாமா. ஜாதகம் வந்தப்பவே தேடிப் பாத்தேன். கடையில மத்தியானம் சாப்பிடறப்ப எல்லாரும் சேந்து பாப்போம். பரோட்டா படத்த நாங்க எத்தன தடவ பாத்தோம்னு கணக்கே இல்லீங்க டீச்சர்."

நான் வாயைப் பிளந்துகொண்டு உட்கார்ந்திருந்தேன். பெருமையில் நெஞ்சு விம்மியது, சொல்வதில் என்ன வெட்கம்? ஆனால் மாமனுக்குக் கோபம் வந்துவிட்டது. "பாத்துமா சரின்ன? நாளைக்கி நாலு பேரு உன்ன என்ன சொல்லுவாங்க? தெருவுல அடி வாங்கறவன் பொண்டாட்டின்னு சொல்ல மாட்டாங்களா?"

"சொல்லட்டும் மாமா" என்றாள். "அவரு அடி வாங்கறாரு. யாரையும் அடிக்கறதில்லையே. நானும் எல்லாப் படத்துலயும் பாத்துட்டேன். ஒருத்தரக்கூட அவரு திருப்பி அடிச்சதில்ல."

தண்ணீர்ச் சொம்போடு வந்த அக்கா பாதியில் நின்றாள். மாமன் அவளைப் பார்க்கவில்லை, தரையைப் பார்த்தார். நானும் அப்போதுதான் அவளைச் சரியாகப் பார்த்தேன். புருஷன் வீட்டில் இருக்க வேண்டியவள், குழந்தையோடு இங்கே இருக்கிறாள். முழங்கைக்கு மேலே பழைய தழும்பு. எனக்கு யாரும் எதுவும் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

மாமன் என் பக்கம் திரும்பினார். "பெரியவளுக்கு நான்தாங்க போயி விசாரிச்சேன். ஊரெல்லாம் விசாரிச்சேன். டீக்கடையில கேட்டேன், கோயில்ல கேட்டேன். தங்கமான பையன், எறும்புக்குக்கூடத் தீங்கு நினைக்க மாட்டான்னாங்க. ஒருத்தன் வாயத் தொறந்து நெசத்தச் சொல்லலீங்க." துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். பிறகு அக்காவைத் திரும்பிப் பார்த்தார். "நீ சொல்லு கண்ணு. குடுக்கலாமா?" என்றார்.

அவள் சொம்பைக் கீழே வைத்தாள். குழந்தையை இடுப்பு மாற்றி வைத்துக்கொண்டாள். அந்த வீட்டில் அவளிடம் அப்படியொரு கேள்வியை அதுவரை யாரும் கேட்டதில்லை என்று அவள் நின்ற நிலையிலேயே தெரிந்தது. "குடுங்க மாமா" என்றாள். "அவளாவது சிரிச்சிக்கிட்டு இருக்கட்டும்."

மாமன் எழுந்து உள்ளே போனார். கொஞ்ச நேரம் கழித்து, முகம் கழுவிக்கொண்டு வந்து, "ஆவணியில நல்ல நாள் பாக்கச் சொல்லுங்க டீச்சர்" என்றார். நான் காபி குடித்தேனா, சொல்லிக்கொண்டு வந்தேனா, எதுவும் நினைவில் இல்லை. தெருமுனைக்கு வந்து தம்பிக்குப் போன் போட்டேன். மார்க்கெட்டில் இருந்தான், பின்னால் ஒரே கூச்சல்.

"டேய், குடுக்கறாங்களாம்டா" என்றேன். அவன் பேசவே இல்லை. கூச்சல் மட்டும் கேட்டுக்கொண்டிருந்தது. "ஏன்டா தடியா, நடு மார்க்கெட்டுல நின்னுக்கிட்டு அழாதடா" என்றேன்.

"நான் எங்கங்கக்கா அழுவறேன்? நீங்கதான் அழுவறீங்க" என்றான்.